அகிளைக்கோன் என்ற சொல்லைப் பிழையின்றிப் புரிந்துகொண்டு பயன்படுத்த ஒரு முழுமையான வழிகாட்டி

கல்லூரி ஆய்வகப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, பழைய வண்ணாரப்பேட்டையில் எங்கள் வீட்டு மாடி அறையில் மாணவர்களின் செய்முறைப் பதிவேடுகளைத் திருத்திக் கொடுக்கிறேன். மூலிகைச் சோப்பும் சீயக்காய்ப் பொடியும் தயாரிக்கும் சிறு தொழில்முனைவோர் சிலர் வியாசர்பாடியிலிருந்தும் மாதவரத்திலிருந்தும் தங்கள் பொட்டல வாசகங்களைச் சரிபார்க்கக் கொண்டுவருவதுண்டு. இவ்விரு சாராரும் ‘அகிளைக்கோன்’ என்ற ஒரே சொல்லில்தான் தொடர்ந்து இடறுகிறார்கள். சர்க்கரையோடு பிணைந்த ஒரு தாவரச் சேர்மத்திலிருந்து சர்க்கரையை நீக்கினால் மிஞ்சும் பகுதிக்கான பெயர் அது. அந்தச் சொல்லை எந்த வரிசையில் அணுகினால் இடறல் குறையும் என்பதைக் கீழே எழுதியிருக்கிறேன். வரிசையை மாற்ற வேண்டாம்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

செடியின் இலத்தீன் பெயர், நீங்கள் பேசப்போகும் சேர்மத்தின் மூலக்கூறு வாய்பாடு, ஒரு கணிப்பான், நான்கு பத்திகள் கோடிட்ட ஒரு தாள் ஆகியவை போதும். பத்திகளின் தலைப்புகள்: முழுச் சேர்மம், அதிலுள்ள சர்க்கரைகள், அவை இணைந்திருக்கும் விதம், மிஞ்சும் பகுதி. நான்காவது பத்தியை எப்போதும் கடைசியில்தான் நிரப்ப வேண்டும். பெரும்பாலோர் அதைத்தான் முதலில் நிரப்புகிறார்கள். பிறகு மற்ற மூன்றையும் அதற்கு ஏற்றாற்போல் வளைக்கிறார்கள்.

2. செடியை முதலில் உறுதி செய்யுங்கள்

இது வேதியியல் அல்ல என்று தோன்றலாம். ஆனால் தவறான செடியிலிருந்து தொடங்கியவருக்குப் பின்வரும் எந்தப் படியும் உதவாது. ஒரு முறை என்னிடம் வந்த மாணவி, சௌகார்பேட்டைப் பக்கம் ஒரு கடையில் ‘பிராமி’ என்று கேட்டுப் பொடி வாங்கி வந்திருந்தார். நம்மவர் பிரமி என்றால் வாய்க்கால் ஓரத்து நீர்ப்பிரமியை எண்ணுவோம். வடநாட்டில் பலர் அதே பெயரை வல்லாரைக்கும் சொல்வார்கள். கடைக்காரர் கொடுத்தது வல்லாரைப் பொடி. நீர்ப்பிரமியின் சபோனின்கள் (தண்ணீரில் நுரைக்கும் தாவரச் சேர்மங்கள்) வேறு, வல்லாரையின் சபோனின்கள் வேறு என்பதால், அவர் புத்தகத்தில் எதிர்பார்த்த புள்ளி, சேர்மங்களைத் தனித்தனிப் புள்ளிகளாகப் பிரித்துக் காட்டும் மென்படலத் தட்டில் வரவே இல்லை. இரண்டு வாரம் போனது.

ஆகவே நீர்ப்பிரமி என்றால் பகோபா மொன்னியேரி, வல்லாரை என்றால் சென்டெல்லா ஏசியாட்டிகா என்று தாளின் தலையில் எழுதிவிட்டு மேலே செல்லுங்கள். முடிந்தால் பொடியாக வாங்காமல் முழு இலையாக வாங்குங்கள். வல்லாரையின் வட்ட இலையையும் நீர்ப்பிரமியின் தடித்த சிறிய இலையையும் யாரும் குழப்பிக்கொள்ள முடியாது.

3. இது ஓர் உறவுச் சொல் என்பதை மனத்தில் நிறுத்துங்கள்

தாவரங்கள் தாம் உருவாக்கும் பல சேர்மங்களைச் சர்க்கரையோடு பிணைத்து வைக்கின்றன. அவ்வாறு பிணைந்த முழுச் சேர்மத்துக்குக் கிளைக்கோசைடு என்று பெயர். அதிலுள்ள சர்க்கரைப் பகுதி கிளைக்கோன். சர்க்கரையை நீக்கிய பின் மிஞ்சும் பகுதி அகிளைக்கோன். முன்னால் நிற்கும் ‘அ’ கிரேக்க மொழியின் எதிர்மறை முன்னொட்டு. அசைவம், அநீதி என்பவற்றில் நாம் ஆளும் வடமொழி முன்னொட்டைப் போலவே பொருள் தருவதால் தமிழில் நினைவு வைப்பது எளிது.

இடறல் இதற்குப் பிறகுதான் வருகிறது. ‘அகிளைக்கோன்’ என்பது குளோரோபில், காஃபீன் போல ஒரு பொருளின் பெயர் அன்று. ‘மருமகள்’ என்ற சொல்லைப் போன்றது. மருமகள் என்றால் யாருடைய மருமகள் என்ற கேள்வி உடனே எழ வேண்டும்; அதே பெண் பிறந்த வீட்டில் மகள். குவெர்செடின் என்ற மஞ்சள் சேர்மம் ருட்டினுடைய அகிளைக்கோன். குவெர்சிட்ரின் என்ற வேறொரு கிளைக்கோசைடுக்கும் அதுவே அகிளைக்கோன். வெங்காயத்தின் உள் அடுக்குகளில் பெரும்பாலும் குளுக்கோஸோடு பிணைந்திருக்கும் அது, காய்ந்த வெளித்தோலில் பெருமளவு தனியாகவே இருக்கிறது. எனவே “இந்தச் செடியில் அகிளைக்கோன் உள்ளது” என்ற வாக்கியம் எதையும் சொல்லவில்லை. எதன் அகிளைக்கோன், பிணைந்திருக்கிறதா, தனித்திருக்கிறதா என்ற இரண்டையும் சொன்னால்தான் வாக்கியம் முழுமை பெறும்.

இதே பொருளில் ‘ஜெனின்’ என்ற சொல்லும் வழங்குகிறது. சபோனினின் அகிளைக்கோனைச் சபோஜெனின் என்பார்கள். பூந்திக்கொட்டைச் சபோனின்கள் பலவற்றின் அகிளைக்கோன் ஹெடராஜெனின். அப்பெயர் ஹெடரா என்ற ஐரோப்பியக் கொடியின் பெயரிலிருந்து வந்தது; நம் பூந்திக்கொட்டை மரத்துக்கும் அந்தக் கொடிக்கும் உறவு தேட வேண்டாம்.

‘சர்க்கரை நீங்கிய’ என்ற விளக்கத்தை உணவு வழக்கில் படிப்பது இன்னொரு பிழை. ஒரு பொட்டல வாசகத்தில் “அகிளைக்கோன் வடிவம், ஆகவே நீரிழிவு உள்ளவர்களுக்கு ஏற்றது” என்று எழுதியிருந்தார்கள். இங்கே சர்க்கரை என்பது மூலக்கூறில் பிணைந்த ஓர் அலகு. ரேம்னோஸ், சைலோஸ், அராபினோஸ் எல்லாம் இதில் அடங்கும். இரத்தச் சர்க்கரையைப் பற்றி அந்தச் சொல் எதுவும் கூறவில்லை. அதேபோல் குளுக்கோசைடு என்பதும் கிளைக்கோசைடு என்பதும் ஒன்றல்ல: சர்க்கரை குளுக்கோஸாக இருந்தால் மட்டுமே முன்னது, எந்தச் சர்க்கரையானாலும் பின்னது.

4. பெயரின் ஈற்றைப் படியுங்கள், ஆனால் அதை மட்டும் நம்பாதீர்கள்

‘ஓசைடு’ என்று முடிந்தால் பெரும்பாலும் கிளைக்கோசைடு: ஸ்டீவியோசைடு, ஏசியாட்டிக்கோசைடு. ‘ஜெனின்’ என்று முடிந்தால் பெரும்பாலும் அகிளைக்கோன். ‘இடின்’ என்ற ஈறு நிறமிகளில் அகிளைக்கோனைக் காட்டும்: ஆந்தோசயனின் முழுச் சேர்மம், ஆந்தோசயனிடின் அதன் அகிளைக்கோன். சங்குப்பூவின் நீலத்துக்குக் காரணமான டெர்னாட்டின்களின் அகிளைக்கோன் டெல்ஃபினிடின்.

வெறும் ‘இன்’ ஈறு எதையும் உறுதி செய்யாது. சாலிசின் கிளைக்கோசைடு, குவெர்செடின் அகிளைக்கோன். சோயாவில் இருப்பவை தமிழ் எழுத்தில் இன்னும் ஆபத்தானவை. ஜெனிஸ்டின் என்பது கிளைக்கோசைடு, ஜெனிஸ்டீன் என்பது அதன் அகிளைக்கோன். ‘டி’யின் மேல் ஒரு சுழி கூடினால் சேர்மமே மாறிவிடுகிறது. டெய்ட்சின், டெய்ட்சீன் இரண்டும் இப்படியே. தட்டச்சு செய்பவருக்கு இது எழுத்துப் பிழையாகக்கூடத் தோன்றாது. அதனால் தமிழில் எழுதும்போது முதல் முறை பெயரைச் சொல்லும் இடத்தில் மூலக்கூறு எடையையும் எழுதிவிடுங்கள்: ஜெனிஸ்டின் 432.4, ஜெனிஸ்டீன் 270.2. அச்சில் சுழி விழுந்தாலும் எண் காட்டிக்கொடுக்கும்.

5. பிணைப்பு எந்த அணுவின் வழியாக என்று பாருங்கள்

சர்க்கரை ஆக்சிஜன் வழியாகப் பிணைந்திருந்தால், அமிலத்தோடு கொதிக்க வைத்தோ பொருத்தமான நொதியாலோ பிரிக்கலாம். கார்பன் வழியாகப் பிணைந்திருந்தால் சாதாரண அமிலக் கொதிப்பு அதைப் பிரிக்காது. கற்றாழையின் மஞ்சள் கசப்புப் பாலில் உள்ள அலோயின் இந்த இரண்டாம் வகை. அதைப் பிரிக்க ஃபெரிக் குளோரைடு போன்ற ஆக்சிஜனேற்றியும் சேர வேண்டும். புதியவர்கள் அலோயினை அமிலத்தில் மட்டும் கொதிக்க வைத்து, நிறம் வராததைக் கண்டு “கற்றாழையில் ஆந்த்ராகுவினோன் (அலோயினின் அகிளைக்கோன் சேரும் நிறச் சேர்ம வகை) இல்லை” என்று பதிவேட்டில் எழுதிவிடுகிறார்கள். உண்மையில் நடக்காதது சர்க்கரையைப் பிரிக்கும் வெட்டு மட்டுமே.

வல்லாரையின் ஏசியாட்டிக்கோசைடில் மூன்று சர்க்கரைகள் கொண்ட ஒரு சங்கிலி, அகிளைக்கோனின் அமிலத் தொகுதியோடு எஸ்டர் பிணைப்பால் சேர்ந்திருக்கிறது. எஸ்டர் என்பதால் காரமும் அதை வெட்டும். பூந்திக்கொட்டையில் சர்க்கரை சேர்ந்திருக்கும் ஈதர் போன்ற பிணைப்பைக் காரம் வெட்டாது. மூன்றாவது பத்தியை நிரப்பாமல் நான்காவதுக்குப் போகக் கூடாது என்பதன் காரணம் இதுதான்.

6. எடைக் கணக்கில் தண்ணீரை மறக்காதீர்கள்

என்னிடம் வரும் பதிவேடுகளில் மிக அதிகமாகச் சிவப்பு மை படும் இடம் இது. சர்க்கரையும் அகிளைக்கோனும் இணையும்போது ஒரு தண்ணீர் மூலக்கூறு வெளியேறுகிறது. பிரியும்போது ஒரு தண்ணீர் உள்ளே வருகிறது. ஆகவே கிளைக்கோசைடின் எடையிலிருந்து குளுக்கோஸின் முழு எடையான 180.16-ஐக் கழிக்கக் கூடாது, 162.14-ஐத்தான் கழிக்க வேண்டும். ரேம்னோஸுக்கு 146.14, சைலோஸ், அராபினோஸ் ஆகியவற்றுக்கு 132.12.

வல்லாரையை வைத்தே போட்டுப் பாருங்கள். ஏசியாட்டிக்கோசைடின் மூலக்கூறு எடை 959.12. அதில் இரண்டு குளுக்கோஸ், ஒரு ரேம்னோஸ். 162.14-ஐ இரண்டால் பெருக்கி 146.14-ஐக் கூட்டினால் 470.42. கழித்தால் 488.70; இது ஏசியாட்டிக் அமிலத்தின் எடையோடு சரியாகப் பொருந்துகிறது. முழுச் சர்க்கரை எடைகளைக் கழித்தவருக்கு 434.64 வரும். இடையிலுள்ள வித்தியாசம் 54, அதாவது மூன்று தண்ணீர். உங்கள் விடை 18-இன் மடங்கில் பிசகியிருந்தால் வேறெங்கும் தேட வேண்டாம்.

இந்தக் கணக்கு பொட்டலத்தில் வந்து நிற்கும். 488.70-ஐ 959.12-ஆல் வகுத்தால் ஏறத்தாழ 0.51. 100 மில்லிகிராம் ஏசியாட்டிக்கோசைடு உள்ள பொருளை “அகிளைக்கோனாகக் கணக்கிட்டால் 51 மில்லிகிராம் ஏசியாட்டிக் அமிலம்” என்று எழுதலாம். 100 மில்லிகிராம் ஏசியாட்டிக் அமிலம் என்று எழுதினால் அது பொய். ஜெனிஸ்டினுக்கு இந்தப் பெருக்கெண் 0.625. மீல்மேக்கர் பொட்டலத்தில் ஐசோஃபிளேவோன் (ஜெனிஸ்டின், ஜெனிஸ்டீன் போன்ற சோயாச் சேர்மங்கள்) அளவு போட விரும்பியவர் ஒருவர் இரண்டு ஆய்வறிக்கைகளை ஒப்பிட்டு, ஒன்று மற்றதைவிடக் கூடுதலாகக் காட்டுகிறதே என்று வியந்தார். ஒன்று கிளைக்கோசைடாகவும் மற்றது அகிளைக்கோனாகவும் அளவைச் சொல்லியிருந்தது. பெருக்கிப் பார்த்தபோது இரண்டும் அருகருகே வந்தன.

சீனித்துளசி (ஸ்டீவியா) விஷயத்தில் இது பாதுகாப்புக் கணக்காகவே மாறுகிறது. உணவுச் சேர்க்கைப் பொருள்களுக்கான ஐ.நா. உணவு வேளாண் அமைப்பு (எஃப்.ஏ.ஓ.), உலக சுகாதார நிறுவனம் ஆகியவற்றின் கூட்டு நிபுணர் குழு 2008-இல் வகுத்த ஏற்கத்தக்க தினசரி அளவு, உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 4 மில்லிகிராம் வரை; ஆனால் அந்த 4 மில்லிகிராம் ஸ்டீவியோல் என்ற அகிளைக்கோனாகக் கணக்கிட்டது. 50 கிலோ எடையுள்ளவருக்கு 200 மில்லிகிராம் ஸ்டீவியோல் என்றால், அச்செடியின் இனிப்புக் கிளைக்கோசைடுகளில் ஸ்டீவியோசைடாக அது ஏறத்தாழ 505 மில்லிகிராம், ரெபாடியோசைடு ஏ ஆக ஏறத்தாழ 607 மில்லிகிராம். “ஸ்டீவியோலாக” என்ற ஒரு சொல்லை விட்டுவிட்டு நகலெடுப்பவர் அளவைப் பாதிக்கும் கீழே குறைத்துவிடுகிறார்.

7. ஆய்வகத்தில்: தனித்திருப்பதை முதலில் வெளியேற்றுங்கள்

இந்தப் படியும் அடுத்ததும் மேற்பார்வையுள்ள ஆய்வகத்துக்கு மட்டுமே உரியவை. வீட்டு அடுப்படியில் செய்யக் கூடாது.

ரேவல்சின்னி (ரூபார்ப்) வேர் இதற்கு நல்ல மாதிரி. அதில் எமோடின், கிரைசோஃபனால் போன்ற ஆந்த்ராகுவினோன்கள் தனியாகவும் உண்டு, சர்க்கரையோடு பிணைந்தும் உண்டு. புதியவர்கள் பொடியை நேராக அமிலத்தில் கொதிக்க வைத்து, அம்மோனியாவில் சிவப்பு வந்ததும் “கிளைக்கோசைடு உள்ளது” என்று முடிவு கட்டுகிறார்கள். அந்தச் சிவப்பு தனித்திருந்ததிலிருந்து வந்ததா, வெட்டியதிலிருந்து வந்ததா என்று அவர்களால் சொல்ல முடியாது.

சரியான வரிசை இது. காய்ந்த பொடியை முதலில் ஈதரோடு குலுக்கி வடிகட்டுங்கள். அகிளைக்கோன்கள் ஈதரில் கரையும். சர்க்கரை தாங்கிய கிளைக்கோசைடுகள் பொடியிலேயே தங்கும். வடிநீரோடு நீர்த்த அம்மோனியாவைச் சேர்த்துக் குலுக்கினால், ஈதர் மேலேயும் அம்மோனியா கீழேயும் பிரியும். கீழ் அடுக்கு ரோஜாச் சிவப்பாகும். புதிய ஈதரால் இதையே திரும்பத் திரும்பச் செய்து, கீழ் அடுக்கில் நிறம் வராத நிலையை எட்டுங்கள். அதன் பிறகுதான் மிஞ்சிய பொடியை நீர்த்த கந்தக அமிலத்தில் கொதிக்க வைக்க வேண்டும். முழுவதும் ஆறிய பின் மறுபடியும் ஈதர், மறுபடியும் அம்மோனியா. இப்போது வரும் சிவப்பு, பிணைந்திருந்த கிளைக்கோசைடுகளுடைய அகிளைக்கோன்களின் சிவப்பு.

ஈதருக்குப் பதில் குளோரோஃபார்ம் எடுத்தால் அடுக்குகள் தலைகீழாகும். நிறம் மேலே வரும். பிரிபுனலின் கீழ் அடுக்கை வழக்கம்போல் முகவையில் இறக்கி, மேலே நின்ற சிவப்பைத் தொட்டியில் கொட்டியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

நம் ஊருக்கு மட்டும் ஒரு கூடுதல் எச்சரிக்கை. டைஎதில் ஈதரின் கொதிநிலை 34.6 டிகிரி செல்சியஸ். சித்திரை, வைகாசியில் வண்ணாரப்பேட்டையின் குளிரூட்டி இல்லாத ஆய்வகம் பத்து மணிக்கெல்லாம் அந்தச் சூட்டைத் தாண்டிவிடும். மூடிய பிரிபுனலைக் குலுக்கினால் அழுத்தம் ஏறி அடைப்பான் தெறிக்கும். ஒவ்வொரு குலுக்கலுக்கும் பிறகு புனலைத் தலைகீழாக்கிக் குழாயைத் திறந்து ஆவியை வெளியேற்றுங்கள், அறையில் எங்கும் சுடர் எரியக் கூடாது, வேலையைக் காலையிலேயே முடித்துவிடுங்கள். வெயில் மாதங்களில் 77 டிகிரியில் கொதிக்கும் எதில் அசிட்டேட்டுக்கு மாறுவதே என் வழக்கம்.

8. நுரை போனதை வைத்து வெட்டைக் கண்ணால் பாருங்கள்

பூந்திக்கொட்டைச் சபோனின் நுரைப்பதற்குக் காரணம், தண்ணீரை விரும்பும் சர்க்கரையும் தண்ணீரை விலக்கும் அகிளைக்கோனும் ஒரே மூலக்கூறில் இருப்பது. சர்க்கரையை வெட்டினால் நுரைக்கும் தன்மை விழுந்துவிடும். அகிளைக்கோன் கரையாமல் கலங்கலாகப் படியும்.

விதையை நீக்கிய தோல் ஒரு கிராம் எடுத்து 100 மில்லிலிட்டர் தண்ணீரில் கொதிக்க வைத்து வடிகட்டுங்கள். கஷாயத்தை மூன்று குழாய்களாகப் பிரியுங்கள். முதலாவதைத் தொட வேண்டாம். இரண்டாவதில் அமிலம் சேர்த்துக் கொதிக்க வைக்காமல் உடனே நடுநிலையாக்குங்கள். மூன்றாவதில் அதே அளவு அமிலம் சேர்த்து, குளிர்விப்பான் பொருத்தி வாட்டர் பாத்தில் இரண்டு மணி நேரம் வைத்து, பிறகு நடுநிலையாக்குங்கள். மூன்றையும் ஒரே அளவாகக் குலுக்கிப் பதினைந்து நிமிடம் நிறுத்திப் பாருங்கள். முதல் இரண்டில் தேன்கூடு போன்ற நுரை விரலகலம் நிற்கும். மூன்றாவதில் ஓரத்தில் ஒரு வளையம் மட்டும் ஒட்டியிருக்கும், அடியில் பழுப்பு வண்டல் தங்கும்.

இரண்டாவது குழாயை விட்டுவிடுபவர்கள் அதிகம். அது இல்லாவிட்டால், நுரை போனது வெட்டினாலா, அமிலமும் உப்பும் சேர்ந்ததாலா என்று கேட்டால் பதில் இருக்காது. நடுநிலையாக்கும்போது காரம் மிகுந்துவிடாமலும் பாருங்கள்: ஹெடராஜெனினில் ஓர் அமிலத் தொகுதி இருப்பதால் மிகுந்த காரத்தில் அது உப்பாகிக் கரைந்து, சோப்பைப் போலத் தானே நுரைக்கக்கூடும். பாத்திரம் தேய்க்கும் திரவத்தால் கழுவிச் சரியாக அலசாத குழாய் எல்லாக் கணக்கையும் கெடுக்கும்.

சர்க்கரை இருந்தால் நீலக் கரைசல் செங்கல் நிறமாகும் பெனடிக்ட் சோதனையால் சர்க்கரை வெளிவந்ததை நிரூபிக்கலாம் என்று பதிவேடுகளில் எழுதுகிறார்கள். பூந்திக்கொட்டைச் சதையில் தனிச் சர்க்கரையும் உண்டு. கொதிக்க வைக்காத கஷாயமே செங்கல் நிறம் காட்டும். முதல் குழாயிலும் அதே சோதனையைச் செய்து ஒப்பிடாதவரை அது சான்றாகாது.

9. கிடைத்தது அகிளைக்கோன்தானா என்று சந்தேகப்படுங்கள்

கடுமையான அமிலம் சர்க்கரையை வெட்டுவதோடு நிற்காமல், மிஞ்சிய பகுதியையும் உருமாற்றலாம். நீர்ப்பிரமியின் பகோசைடுகள் என்ற சபோனின்கள் இதற்குத் தெளிவான உதாரணம். அவற்றின் உண்மையான அகிளைக்கோன்கள் ஜுஜுபோஜெனினும் போலி ஜுஜுபோஜெனினும். அமிலத்தில் கொதித்த பின் கையில் கிடைப்பது பெரும்பாலும் எபெலின் லாக்டோன் என்ற உருமாறிய பொருள். அது செடியில் இருந்ததன்று. நம் குடுவையில் பிறந்தது. இத்தகைய சேர்மங்களுக்கு நொதியாலோ மென்மையான வேறு முறையாலோ வெட்ட வேண்டும். அமிலத்தால் வெட்டியவர், “அமில நீராற்பகுப்பில் கிடைத்த பொருள்” என்று எழுதுவதே நேர்மை.

10. வாக்கியத்தை எழுதும் முறை

“வல்லாரையில் உள்ள ஏசியாட்டிக்கோசைடின் அகிளைக்கோன் ஏசியாட்டிக் அமிலம்.” இதில் செடி, முழுச் சேர்மம், மிஞ்சும் பகுதி மூன்றும் உள்ளன. “ரேவல்சின்னியில் தனித்த அகிளைக்கோனாக எமோடின் உள்ளது” என்பதும் சரி. ‘தனித்த’ என்ற சொல்லை விடக் கூடாது. “மொத்த ஐசோஃபிளேவோன், அகிளைக்கோனாகக் கணக்கிட்டது” என்பது அளவைச் சொல்லும் முறை.

“அகிளைக்கோன் என்பதால் வீரியம் அதிகம்” என்ற வாக்கியத்தை நான் எந்தப் பொட்டலத்திலும் விடுவதில்லை. நிலாவாரையின் சென்னோசைடுகளில் சர்க்கரைதான் சேர்மத்தைச் சிறுகுடலில் உறிஞ்சப்படாமல் பெருங்குடல் வரை கொண்டு சேர்க்கிறது. அங்குள்ள பாக்டீரியாக்கள் வெட்டிய பிறகே பேதி மருந்தாக வேலை செய்கிறது. மரவள்ளிக்கிழங்கின் லினமாரினிலோ வெட்டியபின் வரும் அகிளைக்கோன் நிலையற்றது. அது அசிட்டோனாகவும் ஹைட்ரஜன் சயனைடாகவும் சிதைகிறது. பம்பளிமாஸ் வகைப் பழங்களில் உள்ள நரிஞ்சின் கடுங்கசப்பு, அதன் அகிளைக்கோனான நரிஞ்செனின் ஏறக்குறைய சுவையற்றது. ஒவ்வொன்றுக்கும் விடை வேறு என்பதால், வீரியம் பற்றி எழுத விரும்புபவர் தன் தாளில் ஐந்தாவதாக ஒரு பத்தி கோடிட்டு, அந்தச் சேர்மத்துக்கே உரிய சான்றை அதில் எழுதிவிட்டு என்னிடம் கொண்டுவரும்படி சொல்லி அனுப்புகிறேன்.